கணினிப் பாதுகாப்பு வேறு, காவலாளி வேறு

அனுப்புநர்:
தா. சங்கமித்ரா,
வாரியக் குடியிருப்பு, மூன்றாம் மாடி,
வியாசர்பாடி, சென்னை – 39.

பெறுநர்:
தனி அலுவலர் அவர்கள்,
ஆலைத் தொழிலாளர் மறுபயிற்சி மற்றும் பதிவுப் பிரிவு,
வடசென்னை.

பொருள்: தங்கள் பதிவேட்டில் என் பெயருக்கு எதிரே உள்ள "காவலாளி" என்ற சொல்லை நீக்கி, நான் படித்த படிப்பின் பெயரை எழுதித் தரக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. வணக்கம். திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் இருந்த, இப்போது பூட்டிக் கிடக்கிற பம்பு தொழிற்சாலையில் தொலைபேசி போர்டில் வேலை பார்த்தவள் நான். ஆலை மூடிய பின் தங்கள் பிரிவு நடத்திய கணினிப் பாதுகாப்புப் பயிற்சியில் சேர்ந்து, படித்து, தேறி, சான்றிதழும் பெற்றேன். ஆனால் தங்கள் பதிவேட்டில் நான் காவலாளியாக இருக்கிறேன். அந்த ஒரு சொல்லைத் திருத்தித் தர வேண்டும் என்பதே என் மனு. இதைச் சொல்ல ஒரு வரி போதும்தான். ஆனால் ஒரு வரியில் சொன்னபோதெல்லாம் தங்கள் அலுவலகச் சன்னலில் இருந்தவர்கள் சிரித்தார்களே தவிர, திருத்தவில்லை. ஆகவே முழுவதையும் எழுதுகிறேன்.

2. காவலாளி வேலையை நான் தாழ்வாகச் சொல்வதாகத் தயவுசெய்து எண்ண வேண்டாம். என் தகப்பனார் எண்ணூரில் ஒரு கிடங்கில் காவலுக்கு இருந்துதான் எங்களைப் பள்ளிக்கு அனுப்பினார். இரவெல்லாம் நின்று காலையில் வீட்டுக்கு வருகிறவரின் கால் எப்படி இருக்கும் என்று தைலம் தேய்த்தவளுக்குத் தெரியும். என் குறை வேறு. நான் படித்தது ஒன்று, எழுதியிருப்பது ஒன்று.

3. வகுப்பு நடந்த இடம் எங்கள் ஆலையின் கேன்டீன் கட்டடம். ஆலை வாசலைப் பூட்டினாலும் பக்கத்துத் தெருப்பக்கம் கேன்டீனுக்குத் தனி வாசல் உண்டு. சாப்பாட்டு மேசைகளின் மேல் கணினிகளை வைத்திருந்தார்கள். "சோற்றை வீணாக்காதே" என்று சுவரில் எழுதியிருந்ததை யாரும் அழிக்கவில்லை. மழை பெய்தால் அந்தச் சுவரிலிருந்து பழைய சாம்பார் வாசனை வரும். நான் பொய் சொல்லவில்லை, அங்கே படித்த யாரை வேண்டுமானாலும் கேளுங்கள். முதல் நாள் நாங்கள் ஒவ்வொருவரும் ஆலை ஓடிய காலத்தில் எந்த இடத்தில் உட்கார்ந்து சாப்பிட்டோமோ அதே இடத்தில் போய் உட்கார்ந்தோம். கரும்பலகை தெரியவில்லை, இடம் மாறுங்கள் என்று எவ்வளவோ சொல்லியும் ஒருவரும் நகரவில்லை. கடைசியில் கரும்பலகையைத்தான் நகர்த்தினார்கள்.

4. எங்களுக்குப் பாடம் எடுத்தவர் வண்ணாரப்பேட்டையைச் சேர்ந்த ஜஸீமா என்ற பெண். கல்லூரி முடித்துச் சில ஆண்டுகள்தான் ஆகியிருக்கும். எங்களில் பலருக்கு மகள் வயது. அவரிடம் போய் நாங்கள் படிப்பதா என்று ஒருவருக்கும் தோன்றாதபடி முதல் நாளே பேசி எங்களைக் கட்டிப்போட்டுவிட்டார். ராயபுரத்து மஜீது எங்கள் ஆலையில் ஃபோர்க்லிப்ட் என்கிற சரக்குத் தூக்கும் வண்டி ஓட்டியவர். மவுஸை லீவர் பிடிப்பதுபோல் பிடித்து ஒரு இழுப்பு இழுத்தார். அது மேசையை விட்டே கீழே போய்விட்டது. அதற்கு ஜஸீமா சொன்னதை அப்படியே எழுதுகிறேன், மனுவில் எழுதக்கூடாத பேச்சு என்றால் மன்னிக்க வேண்டும்: "மாமு, அதும்பேரு எலி. நீ இன்னா எருமைய இஸ்துகினு போற மாதிரி இஸ்துகினு போற?" கேன்டீன் முழுக்கச் சிரிப்பு. ஆலை மூடிய பிறகு நாங்கள் எல்லோரும் ஒன்றாகச் சிரித்தது அன்றுதான்.

5. கடவுச்சொல் பாடம் நடந்த நாளையும் தாங்கள் அறிய வேண்டும். பிறர் எளிதில் ஊகிக்க முடியாத சொல் ஒன்றை வைத்துக் கணினியைப் பூட்டுங்கள் என்றார் ஜஸீமா. பூட்டினோம். ரொம்பச் சாமர்த்தியமாகப் பூட்டிவிட்டதாக ஆளுக்கு ஆள் ஒரு இறுமாப்பு. அவர் வரிசையாக வந்து ஒவ்வொரு கணினியையும் திறந்து கொண்டே போனார். எங்களுக்கு வியர்த்துவிட்டது. பேய் பிசாசு ஒன்றுமில்லை. எல்லோரும் ஆலையில் வருகை பதிந்த அவரவர் டோக்கன் எண்ணையே வைத்திருந்தோம். ஒருவரை ஒருவர் கேட்காமலே வைத்திருந்தோம். அது ஜஸீமா கையில் இருந்த வகுப்பு வருகைப் பட்டியலிலேயே பெயருக்குப் பக்கத்தில் இருந்தது. ஜஸீமாவுக்கு முதலில் கோபம். "இன்னாக்கா இது, திருடனுக்கு நீங்களே தொறந்து வுட்டுக்கினு கீறீங்க!" என்று சத்தம் போட்டார். பிறகு மஜீது எழுந்து, "வேற எந்த நம்பரும் மன்சுல நிக்க மாட்டேன்துமா" என்றார். அந்தப் பெண் சாக்பீஸைக் கீழே வைத்தார். அன்றைக்குப் பாடத்தை அத்துடன் முடித்துக்கொண்டார். மறுநாள் நாங்கள் எல்லோரும் புதுச் சொல் வைத்தோம். எனக்கு அது எவ்வளவு கஷ்டமாக இருந்தது என்பதைத் தங்களுக்கு எழுதி விளக்க முடியாது, ஐயா. ஆலை கைவிட்டபின் அந்த எண் ஒன்றுதான் என்னுடையதாக இருந்தது.

6. எனக்குப் பாடம் பிடிபட்டது வேறொரு நாள். வெளியிலிருந்து கணினிக்குள் வருவதையெல்லாம் நிறுத்திச் சோதித்து அனுப்பும் ஏற்பாடு ஒன்று உண்டு. அதைத் தடுப்புச் சுவர் என்பார்கள். புத்தகத்தில் படித்தபோது எனக்கு ஒரு எழவும் புரியவில்லை. சொல் கடுமையாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். ஜஸீமா என் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, ஆலை போர்டில் நான் என்ன செய்தேன் என்று கேட்டார். வெளியிலிருந்து போன் வந்தால் யார் பேசுகிறீர்கள், யார் வேண்டும், என்ன விஷயம் என்று கேட்பேன், சரியாக இருந்தால் இணைப்பேன், இல்லையென்றால் முதலாளி வெளியே போயிருக்கிறார் என்று வைத்துவிடுவேன் என்றேன். "அத்தத்தாங்கா இதுவும் பண்ணுது. நீதான் இது. போ" என்றார். அன்றிலிருந்து எனக்குப் பயம் விட்டது. வைரஸ் எப்படி நுழைகிறது, தெரியாதவர் அனுப்பிய மின்னஞ்சலை ஏன் திறக்கக் கூடாது, கோப்புகளுக்கு ஏன் நகல் வைக்க வேண்டும் என்று ஒவ்வொன்றாகப் பிடிபட்டது. வீட்டில் சமைக்கும்போது வாய்க்குள் சொல்லிக்கொண்டே சமைப்பேன். என் மகள் மகிழினி, அம்மாவுக்குப் பரீட்சை ஜுரம் என்று தெருவெல்லாம் சொல்லிவைத்தாள்.

7. நோன்பு மாதத்தில் மஜீது வீட்டிலிருந்து தூக்குவாளியில் கஞ்சி வரும். மாலை வகுப்பை ஜஸீமா சற்று நிறுத்துவார். நோன்பு வைத்தவர், வைக்காதவர் எல்லோருமாக அந்த மேசைகளிலேயே உட்கார்ந்து குடிப்போம். ஆலை ஓடிய காலத்தில் எங்களுக்கு ஷிப்டு வேறு வேறு. ஒருவர் வரும்போது ஒருவர் போவோம். இப்படி உட்கார்ந்து ஒன்றாகச் சாப்பிட்டதே இல்லை. வேலை போன பிறகு கிடைத்த கூட்டு அது. அப்படி ஓராண்டு ஓடியது. மறுபயிற்சித் திட்டத்தைக் குறை சொல்ல நான் வரவில்லை என்பதைத் தாங்கள் இதிலிருந்து அறியலாம். அது எங்களுக்குச் செய்த நன்மையை நான் சாகும்வரை மறக்க மாட்டேன்.

8. இனி பிழை நடந்த விதம். கம்ப்யூட்டர் செக்யூரிட்டி என்பதைச் சுருக்கி, எங்கள் வகுப்பை நாங்களே "செக்யூரிட்டி பேட்ச்" என்று சொல்லிக்கொள்வோம். அதில் எங்களுக்கு அப்படி ஒரு பெருமை. தட்டச்சுப் படித்த வகுப்பு ஒன்றும் பக்கத்து அறையில் நடந்தது. அவர்களைப் பார்த்தால் மஜீது காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு, "நாங்க செக்யூரிட்டி" என்பார். படிப்பு முடிந்து நாங்கள் கூட்டமாகத் தங்கள் அலுவலகத்தில் பதிவு செய்ய வந்தோம். என்ன பயிற்சி என்று சன்னலில் இருந்த எழுத்தர் கேட்டார். சான்றிதழைக் காட்ட நாங்கள் பையைத் துழாவுவதற்குள் மஜீது முன்னால் போய், நெஞ்சை நிமிர்த்தி, "நாங்க எல்லாரும் செக்யூரிட்டி பேட்ச் சார்" என்று சொல்லிவிட்டார். பதிவேட்டில் எல்லாவற்றையும் தமிழில்தான் எழுத வேண்டும் என்பது விதி. எழுத்தரும் விதிப்படி அழகிய கையெழுத்தில் எல்லோருக்கும் "காவலாளி" என்று எழுதி முத்திரை குத்தினார். சான்றிதழைக் கேட்கவில்லை. அட்டையை வாங்கிய சந்தோஷத்தில் நாங்களும் படித்துப் பார்க்கவில்லை. எங்கள் பெருமையே எங்களுக்கு வினையாகப் போயிற்று.

9. அதன்பின் தங்கள் அலுவலகத்திலிருந்து எனக்கு ஒரு கடிதம் வந்தது. வேலைக்கு நேர்காணல், ராயபுரத்தில் ஒரு கல்யாண மண்டபத்துக்கு வரவும் என்று இருந்தது. இருப்பதில் நல்ல புடவையைக் கட்டிக்கொண்டு, முதல் நாள் இரவு பாடத்தையெல்லாம் புரட்டிக்கொண்டு போனேன். அங்கே சுவரோரம் நிற்க வைத்து உயரம் அளந்தார்கள். கணினி அறையில் உட்கார என்னத்துக்கு உயரம் என்று நினைத்தேன். பிறகு ஒருவர் டேப்பை எடுத்துக்கொண்டு மார்பளவு என்று ஆரம்பித்தார். அவருக்கு நான் என்ன பதில் சொன்னேன் என்பதை இந்த மனுவில் எழுத முடியாது. அது ஏதோ காவலாளிகளை அனுப்பும் நிறுவனம் என்று அப்போதுதான் தெரிந்தது. உயரம் போதாது என்று என்னைக் கழித்துவிட்டார்கள். ஆனால் அதற்கு முன்பே வரிசையில் நின்ற எல்லோர் கையிலும் ஒரு விசிலைக் கொடுத்திருந்தார்கள். அதைத் திருப்பி வாங்க யாருக்கும் நினைவில்லை. நானும் கோபத்தில் அதை மூடிய கைக்குள் வைத்துக்கொண்டே பஸ் ஏறிவிட்டேன்.

10. திருத்தம் கேட்டுத் தங்கள் அலுவலகத்துக்கு நான் வந்தது எத்தனை முறை என்பதை எண்ணவில்லை. சன்னலுக்குச் சன்னல் அலைந்தேன். ஒருவர், "செக்யூரிட்டின்னா தமிழ்ல காவலாளிதானேம்மா? வேற இன்னா எழுதுறது?" என்று கேட்டார். கேள்வி நியாயம்தான். ஆனால் கணினிக்கு வெளியே நிற்கிறவர் வேறு, உள்ளே நிற்கிறவர் வேறு என்று விளக்கப் போனால், உள்ளே எப்படியம்மா நிற்பாய் என்று சிரித்தார். இன்னொருவர், பயிற்சி மையத்திலிருந்து ஒரு வரி எழுதி வாங்கி வாருங்கள், மாற்றித் தருகிறேன் என்றார். மையத்தை மூடிவிட்டார்கள். கணினிகளை வேனில் ஏற்றிக்கொண்டு போன அன்று நாங்கள் சிலர் போய் நின்று பார்த்தோம். ஜஸீமா பெங்களூரில் வேலைக்குப் போய்விட்டார். இல்லாத மையத்திடம் நான் எங்கே போய்க் கையெழுத்து வாங்குவது?

11. வேறு சமயமாக இருந்தால் பேஜார், தொலையட்டும் என்று விட்டிருப்பேன். ஆனால் இப்போது விட முடியாத நிலை வந்திருக்கிறது. மாதவரத்தில் ஒரு கன்டெய்னர் யார்டில் லாரிகளின் நுழைவுச் சீட்டெல்லாம் கணினிக்கு மாறிவிட்டது. அந்தக் கணினி அறையைப் பார்த்துக்கொள்ள, ஆலை வேலை இழந்து மறுபயிற்சி பெற்ற ஒருவரை எடுக்கிறார்கள். தடுப்புச் சுவர், கடவுச்சொல், நகல் கோப்பு, வைரஸ் என்று அவர்கள் கேட்டிருப்பதெல்லாம் நான் அந்தக் கேன்டீனில் படித்தவை. பெங்களூரிலிருந்து ஜஸீமாதான் விளம்பரத்தைப் பார்த்துப் போன் செய்து சொன்னார். விண்ணப்பித்தேன். என் சான்றிதழைப் பார்த்து அவர்களுக்குத் திருப்திதான். ஆனால் தங்கள் அலுவலகப் பதிவு அட்டையில் காவலாளி என்று இருப்பதால் என்னை அந்த வேலைக்கு அழைக்க முடியாது என்றும், இம்மாதம் இருபத்தேழாம் தேதி நேர்காணலுக்குள் திருத்திய அட்டையைக் கொண்டுவந்தால் உட்கார விடுவதாகவும் சொல்லிவிட்டார்கள். வேண்டுமானால் யார்டு கேட்டில் ஒரு செக்யூரிட்டி இடம் காலியாக இருக்கிறது, வருகிறீர்களா என்றும் கேட்டார்கள். அதற்கும் உயரம் போதாது என்று நானே சொல்லிவிட்டேன். டிசம்பரில் எனக்கு நாற்பத்தைந்து வயது நிறைகிறது. மறுபயிற்சி பெற்றவர்களுக்கான வயதுச் சலுகை அத்துடன் முடிந்துவிடும். இதை விட்டால் எனக்கு வேறு கணினி அறை கிடையாது.

12. ஜஸீமாவிடம் அட்டை விஷயத்தைச் சொன்னபோது முதலில் சிரித்தார். பிறகு போனில் சத்தமே இல்லை. லைன் போய்விட்டதோ என்று போர்டுக்காரி பழக்கத்தில் இரண்டு முறை தட்டினேன். "அக்கா, இத்த மட்டும் வுட்றாத. எழுது. பெரியவங்களுக்கே எழுது" என்றார். அவர் சொல்லித்தான் இந்த மனுவை எழுதுகிறேன்.

13. எழுத உட்காருமுன் இன்னொன்றும் நடந்தது. வகுப்பில் எங்களோடு படித்த லோகநாதன், ஆலையில் டைம் ஆபீஸ் எழுத்தராக இருந்தவர். ஷிப்டு சங்கை ஊதவிடும் பொத்தான் அவர் மேசையில்தான் இருந்தது. அவர் விரல் பட்டால்தான் திருவொற்றியூரில் பாதி வீட்டில் உலை வைப்பார்கள் என்று நாங்கள் கேலி செய்வோம். ராயபுரம் மண்டபத்தில் அவருக்கு உயரம் போதுமானதாக இருந்தது. இப்போது தண்டையார்பேட்டையில் ஒரு பணம் எடுக்கும் இயந்திரத்தின் வாசலில் சீருடையோடு உட்கார்ந்திருக்கிறார். அவரையும் சேர்த்து மனு எழுதட்டுமா என்று கேட்கப் போனேன். போன வாரம், ஆலை வாசலுக்கு எதிரே உள்ள டீக்கடையில் மஜீதும் அவரும் இருந்தார்கள். கேட்டதும் லோகநாதன், "எனக்கு வேணாம்மா. நான் ஒத்துக்கினேன். பழகியும் பூட்சி. நீ உனுக்கு எழுது" என்றார். மனம் பொறுக்காமல், இந்தா இதையும் நீயே வைத்துக்கொள் என்று என் விசிலை அவர் முன் வைத்தேன். அவர் அதை எடுத்தார். கடிகாரத்தைப் பார்த்தார். இரண்டாம் ஷிப்டு தொடங்குகிற நேரம். எழுந்து, பூட்டிய வாசலைப் பார்த்து நீளமாக ஒரு ஊது ஊதினார்.

14. ஐயா, அந்தக் கடையில் இருந்தவர்களில் பாதிப் பேர் எங்கள் ஆலைக்காரர்கள். அத்தனை பேரும் டீ கிளாசைக் கீழே வைத்துவிட்டு எழுந்து நின்றார்கள். நானும் எழுந்துவிட்டேன். மஜீது துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு ரோட்டில் ஓர் அடி வைத்தேவிட்டார். அப்புறம்தான் எங்களுக்கு ஞாபகம் வந்தது. யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை. டீக்கடைக்காரர் ஒன்றும் கேட்காமல் எல்லோருக்கும் மறுபடி டீ ஊற்றினார். லோகநாதன் விசிலைத் தன் சட்டையில் துடைத்து என் கையில் கொடுத்து, "இத்த ஆபீசுல குடுத்துடும்மா. இது நம்ம சங்கு இல்ல" என்றார். நான் அழுதேன். அதை எழுத எனக்கு வெட்கமில்லை.

15. ஆலை திரும்ப ஓடும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. அந்தப் போர்டு இனி உயிர் பெறாது என்பதும் தெரியும். அதற்காகத் தங்களிடம் வரவில்லை. எழுந்து நின்ற பிறகு போவதற்கு ஓர் இடம் வேண்டும். எனக்கு அந்த இடம் மாதவரத்தில் இருக்கிறது. தங்கள் பதிவேட்டில் உள்ள ஒரு சொல் குறுக்கே நிற்கிறது.

16. ஆகவே, இத்துடன் வைத்துள்ள சான்றிதழ் நகலைக் கண்ணுற்று, என் பெயருக்கு எதிரே "காவலாளி" என்பதை அடித்து, "கணினிப் பாதுகாப்பு" என்று எழுதி, திருத்திய அட்டையை இருபத்தேழாம் தேதிக்கு முன் என் கையில் கிடைக்கச் செய்யுமாறு மிகவும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். எங்கள் வகுப்பில் படித்த மற்றவர்களில் யாராவது பின்னால் வந்து கேட்டால் அவர்களுக்கும் சிரிக்காமல் செய்து கொடுக்கும்படி சன்னலில் இருப்பவர்களுக்குச் சொல்லி வைக்க வேண்டும். தாங்கள் எப்போது வரச் சொன்னாலும் வரத் தயாராக இருக்கிறேன். வந்தால் யார் பேசுகிறீர்கள், யார் வேண்டும், என்ன விஷயம் என்ற மூன்று கேள்விக்கும் நேராகப் பதில் சொல்வேன். பிறகு இணைப்பது தங்கள் கையில்.

இடம்: வியாசர்பாடி
நாள்: 9.11.2006

உண்மையுடனும் நம்பிக்கையுடனும்,
(ஒப்பம்) தா. சங்கமித்ரா
கணினிப் பாதுகாப்புப் பயிற்சி பெற்றவர்

இணைப்பு:
1. பயிற்சிச் சான்றிதழ் நகல்.
2. பிழையான பதிவு அட்டை.
3. மாதவரம் யார்டிலிருந்து வந்த கடித நகல்.
4. விசில் ஒன்று. ஒரே ஒரு முறை ஊதப்பட்டது.